கடலில் விழுந்த விமானம்: மரணம் யார் கணக்கில்?

பறந்துகொண்டிருந்த விமானம் ஒன்று கடலில் விழுகிறது. அதிலிருந்த பயணி ஒருவர் மோதலின் அதிர்ச்சியில் இறக்காமல், உடைந்த விமானத்திலிருந்து வெளியேற முடியாமல் நீரில் மூழ்கி இறக்கிறார். அவரைக் கொன்றது தண்ணீரா, விமானமா? திண்ணைப் பேச்சில் இது முடிவில்லாத வாதமாக நீளலாம்; ஆனால் ஒரு நாட்டின் இறப்புப் புள்ளிவிவரத்தில் இதற்கு ஒரே ஒரு விடைதான் இருக்க முடியும். ஒரு மரணத்தை இரண்டு கட்டங்களில் எழுதினால் இறந்தவர் எண்ணிக்கை இரட்டிப்பாகிவிடும் என்பதால், ஏதேனும் ஒரு கட்டத்தைத் தேர்ந்தாக வேண்டும், அதையும் எல்லா நாடுகளும் ஒரே விதிப்படி தேர்ந்தாக வேண்டும்.

இராமநாதபுரம் கடற்கரையில் இந்தக் கேள்வி மற்ற ஊர்களைவிடக் கூடுதலாகப் பொருந்துகிறது. பாம்பனில் ரயில் பாலமும் சாலைப் பாலமும் அடுத்தடுத்து நிற்க, அவற்றின் அடியில் விசைப்படகுகளும் வள்ளங்களும் கடக்கின்றன. உச்சிப்புளியில் 2009ஆம் ஆண்டு முதல் இந்தியக் கடற்படையின் வான்தளம் ‘பருந்து’ என்ற தமிழ்ப் பெயருடன் இயங்குகிறது. மண்டபத்தில் கடலோரக் காவல்படையின் ஹோவர்கிராஃப்ட் ஊர்திகள் நிற்கின்றன. நிலம், நீர், வான் ஆகிய மூன்று வகைப் போக்குவரத்தும் சில மைல் தொலைவுக்குள் ஒன்றையொன்று குறுக்கிடும் இத்தகைய இடத்தில், ஒரு விபத்தை எந்த வகையில் சேர்ப்பது என்பது வெறும் ஏட்டுக் கேள்வியாக இருப்பதில்லை.

உடலைப் பற்றிய கேள்வியும் நிகழ்ச்சியைப் பற்றிய கேள்வியும்

மருத்துவமனையில் எழுதப்படும் நோயின் பெயரையோ காயத்தின் பெயரையோ ஓர் எழுத்தும் சில எண்களும் கொண்ட குறியீடாக மாற்றும் வேலைக்கு ‘மருத்துவக் குறியீட்டாக்கம்’ என்று பெயர். சென்னையிலும் கோவையிலும் அதைப் பிழைப்பாகக் கொண்ட பட்டதாரிகள் அதை ‘மெடிக்கல் கோடிங்’ என்றே சொல்கிறார்கள். இக்குறியீடுகளின் மூலநூல் உலக சுகாதார நிறுவனம் பேணிவரும் பன்னாட்டு நோய் வகைப்பாடு. அதன் பத்தாம் பதிப்பு 1990இல் ஏற்கப்பட்டு 1994 முதல் புழக்கத்துக்கு வந்தது. பதினோராம் பதிப்பு 2022 ஜனவரி 1ஆம் நாள் நடைமுறைக்கு வந்தபோதிலும், பத்தாம் பதிப்பைக் கையாளும் நாடுகள் இன்னும் பல. இந்த அத்தியாயமும் பத்தாம் பதிப்பையே பின்பற்றுகிறது.

காயங்களைப் பொறுத்தவரை இந்நூல் இரண்டு தனித்தனிக் கேள்விகளைக் கேட்கிறது. உடலுக்கு என்ன நேர்ந்தது என்பது முதற்கேள்வி. தொடை எலும்பு முறிவு, மண்டைக்குள் இரத்தக்கசிவு, தீக்காயம், நீரில் மூழ்குதல் போன்றவை அதற்கு விடைகள், அவை எஸ், டி என்ற ஆங்கில எழுத்துகளில் தொடங்கும் குறியீடுகளைப் பெறுகின்றன. அது எப்படி நேர்ந்தது என்பது இரண்டாம் கேள்வி. அதற்கான விடை ‘புறக்காரணம்’ எனப்படும், அதாவது உடலுக்கு வெளியே நிகழ்ந்து காயத்தை உண்டாக்கிய நிகழ்ச்சி. புறக்காரணக் குறியீடுகள் வி, டபிள்யூ, எக்ஸ், ஒய் என்ற நான்கு எழுத்துகளில் தொடங்குகின்றன. தொடை எலும்பு முறிந்தவருக்கு எஸ்72 என்ற குறியீடு, அவர் தென்னை மரத்திலிருந்து விழுந்தாலும் விமானத்திலிருந்து விழுந்தாலும் ஒன்றுதான்; மாறுவது புறக்காரணக் குறியீடு மட்டுமே.

எலும்பைச் சேர்க்கும் மருத்துவருக்கு முதல் விடை போதும். ஆனால் அடுத்த ஆண்டு அதே எலும்பு இன்னொருவருக்கு முறியாமல் தடுக்க விரும்புபவருக்கு அது எதற்கும் உதவாது. ஆதலால், காயத்தால் நேர்ந்த மரணங்களில் ‘அடிப்படைக் காரணம்’ என்று எண்ணிக்கையில் ஏற வேண்டியது உடலில் ஏற்பட்ட சிதைவு அன்று, அச்சிதைவை உண்டாக்கிய விபத்தின் அல்லது வன்முறையின் சூழ்நிலையே என்று நூல் தெளிவாக விதிக்கிறது. முதலில் எழுப்பிய புதிருக்குப் பாதி விடை இதிலேயே கிடைத்துவிடுகிறது: மூழ்குதல் என்பது உடலுக்கு நேர்ந்தது, விமானம் விழுந்தது என்பது நிகழ்ச்சி, கணக்கில் ஏறுவது நிகழ்ச்சிதான்.

இந்தப் பிரிவினை தொடக்கத்திலிருந்தே இருந்ததன்று. பிரெஞ்சுப் புள்ளியியலாளர் ஜாக் பெர்டிலான் 1893இல் தந்த பட்டியலிலிருந்து வளர்ந்த இவ்வகைப்பாட்டை, 1948இல் வெளியான ஆறாம் பதிப்பின்போது உலக சுகாதார நிறுவனம் ஏற்றெடுத்தது. காயத்தின் இயல்புக்கு ஒரு வரிசை, அதன் புறக்காரணத்துக்கு வேறொரு வரிசை என்ற இரட்டை முறையும் அப்பதிப்பில்தான் நிலைபெற்றது.

வானத்துக்கு ஒதுக்கப்பட்ட மூன்று தலைப்புகள்

வான்வழி விபத்துகளுக்கு வி95, வி96, வி97 என மூன்று தலைப்புகள் ஒதுக்கப்பட்டுள்ளன. எஞ்சின் பொருத்திய ஊர்தி விபத்துக்குள்ளாகி அதில் இருந்தவர் காயமுற்றால் அது வி95. அதற்குள் ஹெலிகாப்டருக்கு வி95.0, வணிகப் பயணிகள் விமானத்துக்கு வி95.3, விண்கலத்துக்கு வி95.4 என்று உட்பிரிவுகள் உண்டு. 2021 டிசம்பர் 8ஆம் நாள் குன்னூர் அருகே முப்படைத் தலைமைத் தளபதி பிபின் ராவத் உள்ளிட்டோர் உயிரிழந்த விபத்து இவற்றுள் முதல் வகை. 2003 பிப்ரவரி 1இல் கல்பனா சாவ்லாவும் அவருடன் சென்ற 6 பேரும் இறந்த கொலம்பியா விண்ணோட விபத்து விண்கல வகை. இராமநாதபுரத்துக்குத் தெற்கே குலசேகரன்பட்டினத்தில் ஏவுதளம் எழுந்துவரும் காலத்தில், விண்கலத்துக்கும் ஒரு கட்டம் ஒதுக்கி வைத்த முன்யோசனையைப் பாராட்டத்தான் வேண்டும்.

எஞ்சின் இல்லாத பலூனும் கிளைடரும் வி96இல் அடங்கும். மனிதரைச் சுமந்து பறக்கும் பட்டமும் அங்கே ஒரு மூலையில் இடம்பெற்றிருக்கிறது. வி97 எஞ்சியவற்றின் கூடாரம்: விமானத்தில் ஏறும்போதோ இறங்கும்போதோ அடிபட்டவர் வி97.1, பாராசூட்டில் குதித்து அடிபட்டவர் வி97.2, தரையில் நின்றிருந்து விமானத்தால் அடிபட்டவர் வி97.3. இக்கடைசிக் கட்டத்தில்தான் விமானத்திலிருந்து விழுந்த பொருள் தாக்கியவரும், சுழலும் விசிறியில் அடிபட்டவரும், ஜெட் எஞ்சினுக்குள் உறிஞ்சப்பட்டவரும் சேர்கிறார்கள். கடைசியாகச் சொன்னது கற்பனை போலத் தோன்றினாலும், 2015 டிசம்பரில் மும்பை விமான நிலையத்தில் தொழில்நுட்பப் பணியாளர் ஒருவர் அவ்வாறே உயிரிழந்தார்.

இந்தக் குறியீட்டைச் சுற்றி ஒரு பழைய கேலி உண்டு. மெடிக்கல் கோடிங் வகுப்புகளில் சேர்ந்த எவரும் அதைக் கேட்டிருப்பர். மருத்துவக் கட்டணக் கணக்குக்காக அமெரிக்கா இதே நூலை விரித்து 2015 அக்டோபர் 1 முதல் கையாண்டுவரும் பதிப்பில், வி97.33எக்ஸ்டி என்ற குறியீட்டுக்கு ‘ஜெட் எஞ்சினுக்குள் உறிஞ்சப்படுதல், தொடர் வருகை’ என்று பொருள். ஒருவர் இரண்டாம் முறையும் எஞ்சினுக்குள் போவாரா என்று சிரிப்பவர்கள், அந்தக் கடைசி எழுத்து விபத்தின் எண்ணிக்கையைக் குறிப்பதில்லை, சிகிச்சையின் கட்டத்தைக் குறிக்கிறது என்பதைக் கவனிப்பதில்லை. காயத்துக்கு முதன்மைச் சிகிச்சை நடைபெறும் காலத்தில் ‘ஏ’, ஆறிவரும் நாட்களில் கட்டுப் பிரிக்கவோ சோதித்துப் பார்க்கவோ வரும்போது ‘டி’, காயம் ஆறிய பின்னும் தங்கிவிட்ட குறைபாட்டுக்காக வரும்போது ‘எஸ்’ என்று அது மாறும். தழும்பைக் காட்ட வருபவரிடம் மீண்டும் விழுந்தீர்களா என்று எந்த மருத்துவரும் கேட்பதில்லை.

பாம்பன் பாலத்தடியில் ஒரு கணக்கு

பாம்பன் கால்வாயில் ஒரு விசைப்படகு நிற்பதாகவும், மேலே பறந்த விமானத்தின் உதிரிப்பாகம் கழன்று விழுந்து அப்படகிலிருந்த மீனவரைத் தாக்குவதாகவும் வைத்துக்கொள்வோம். அவர் படகில் இருந்தவர் என்பதால் இது நீர்வழி விபத்தா, அடித்தது விமானத்தின் பாகம் என்பதால் வான்வழி விபத்தா? ஒன்றுக்கு மேற்பட்ட போக்குவரத்து வகைகள் ஒரே விபத்தில் சிக்கினால், வானூர்தி முதலாவது, நீரூர்தி இரண்டாவது, மற்றவை அவற்றுக்குப் பின் என்று நூல் வரிசை கட்டிக் கொடுத்திருக்கிறது. ஆகவே மீனவரின் காயம் வானத்தின் கணக்கில் ஏறும். படகு கரையோரச் சாலையிலிருந்த வண்டியின்மீது மோதினால் அது நீர்வழி விபத்தாகும். அரிதாக நேரும் விபத்து, அடிக்கடி நேரும் விபத்தின் பெருங்கூட்டத்தில் கரைந்து மறைந்துவிடாமல் காப்பதே இவ்வரிசையால் கிடைக்கும் பயன் எனலாம். சாலை விபத்துகளின் தொகையில் ஒன்று கூடினாலும் குறைந்தாலும் யாருக்கும் தெரியப்போவதில்லை, விமான விபத்துகளின் தொகையிலோ ஒவ்வொன்றும் தெரியும்.

மண்டபத்து ஹோவர்கிராஃப்டுக்கு வந்தால் சிக்கல் வேறு விதமானது. அது காற்றைக் கீழ்நோக்கி அழுத்தி, அந்தக் காற்றுமெத்தையின்மேல் நீரைத் தொடாமல் விரைகிறது. அதன் உடல் நீரில் அமிழ்வதில்லை என்பதால் அதைப் பறக்கும் ஊர்தி என்று வாதிடுவோர்க்கும் நியாயம் உண்டு. இராமேஸ்வரத்தில் பிறந்த அப்துல் கலாம், பெங்களூரு வானூர்தி மேம்பாட்டு நிறுவனத்தில் இளம் பொறியாளராக இருந்தபோது ‘நந்தி’ என்ற ஹோவர்கிராஃப்டை வடிவமைத்தது விமானப் பொறியியல் படித்துவிட்டுத்தான். இருந்தும் குறியீட்டு நூல் இந்த வாதத்துக்குள் நுழையாமல், திறந்த நீர்ப்பரப்பில் ஓடும் ஹோவர்கிராஃப்டை எஞ்சின் பொருத்திய பிற நீரூர்திகளோடு சேர்த்துவிட்டது. எந்தத் தத்துவத்தால் மிதக்கிறது என்பதைவிட, விபத்து நேர்ந்தால் அதில் இருந்தவர் எங்கே விழுவார் என்பதே தடுப்பு வேலைக்குத் தேவையான செய்தி. அந்த வகையில் இது சரியான தீர்ப்பு.

இந்த வரிசையையும் மீறுகின்ற ஒரு விதி உண்டு. 1964 டிசம்பர் 22ஆம் நாள் இரவு பாம்பனிலிருந்து தனுஷ்கோடிக்கு நூற்றுக்கும் மேற்பட்டோருடன் சென்ற பயணிகள் ரயிலைப் புயல் அலை விழுங்கியதை இப்பகுதியில் அறியாதவர் இல்லை. ரயிலில் இருந்தவர்கள் இறந்ததால் அது ரயில் விபத்து என்று கொள்ளத் தோன்றும். ஆனால் இன்றைய விதிப்படி, இயற்கைப் பேரழிவு காரணமாக நேரும் போக்குவரத்து விபத்துகள் போக்குவரத்துப் பகுதியிலிருந்தே விலக்கப்பட்டு, புயலுக்கு உரிய எக்ஸ்37 என்ற குறியீட்டின்கீழ் செல்லும். அப்பயணிகளும், அதே இரவில் தனுஷ்கோடியில் தம் வீடுகளில் இருந்தபடியே இறந்தவர்களும் ஒரே கட்டத்தில் சேர்வர். ரயிலைப் பழுதுபார்த்து அம்மரணங்களைத் தடுத்திருக்க முடியாது, முன்னெச்சரிக்கை ஒன்றே தடுத்திருக்கும் என்பதை நினைத்தால் இவ்விதியின் பொருத்தம் விளங்கும். புயலில் சிக்கி வீழும் விமானத்துக்கும் இதே விதிதான்.

1998 செப்டம்பர் 29: ஒரு விமானம், பதினான்கு ஆண்டுகள்

இதுவரை சொன்ன விதிகள் அனைத்தையும் ஒரே நிகழ்ச்சியில் வைத்துச் சோதிக்க, இராமேஸ்வரத்துக்கு ஏறத்தாழ நேர் கிழக்கே பாக் விரிகுடாவின் மறுகரையை ஒட்டி நேர்ந்த ஒரு துயரம் உதவுகிறது. போரினால் யாழ்ப்பாணத்துக்கும் தெற்குக்கும் இடையிலான ஏ-9 சாலை மூடப்பட்டிருந்த காலத்தில், விமானமே குடிமக்களுக்கு விரைவான வழியாக இருந்தது. 1998 செப்டம்பர் 29ஆம் நாள் பலாலியிலிருந்து கொழும்பை அடுத்த இரத்மலானைக்குப் புறப்பட்ட லயன் ஏர் நிறுவனத்தின் 602ஆம் எண் விமானம், அந்தோனோவ் அன்-24 வகையைச் சேர்ந்தது, புறப்பட்ட சில நிமிடங்களில் தொடர்பை இழந்து கடலில் வீழ்ந்தது. அதிலிருந்த 48 பயணிகளும் 7 பணியாளர்களுமாக 55 பேரில் ஒருவரும் பிழைக்கவில்லை.

குறியீட்டாளர் ஒருவர் அன்று மாலையே இம்மரணங்களுக்குக் குறியீடு இட வேண்டியிருந்தால் என்ன செய்திருப்பார்? வானூர்தியா என்ற முதற்கேள்விக்கு ஆம் என்பது விடை. ஆகவே இறந்தவர்கள் மூழ்கியிருந்தாலும் எரிந்திருந்தாலும், கடல் கணக்குக்கும் தீ கணக்குக்கும் போகமாட்டார்கள். இறந்தவர்கள் உள்ளே இருந்தார்களா, வெளியே இருந்தார்களா என்ற இரண்டாம் கேள்விக்கு, உள்ளே என்பது விடை, ஆகவே வி97.3 விலகுகிறது. எவ்வகை ஊர்தி என்றால், நிலையான இறக்கை கொண்ட வணிகப் பயணிகள் விமானம். இம்மூன்று படிகளும் சேர்ந்து வி95.3 என்ற கட்டத்துக்குக் கொண்டுவந்து நிறுத்துகின்றன.

நான்காவதாக ஒரு கேள்வி எஞ்சியிருக்கிறது, எல்லாவற்றையும் புரட்டிப்போடும் வலிமை அதற்குத்தான் உண்டு: அது விபத்துத்தானா? வி என்ற எழுத்தில் தொடங்கும் குறியீடுகள் யாரும் விரும்பி நிகழ்த்தாதவற்றுக்கு உரியவை. எஞ்சின் கெட்டு விழுந்ததா, சுட்டு வீழ்த்தப்பட்டதா என்பதை இறந்தவரின் நுரையீரலோ எலும்போ சொல்லாது. விமானத்தின் உடைபாடுகள் சொல்லலாம், ஆனால் அவை கடலடியில் கிடந்தன. ஏவுகணையால் வீழ்த்தப்பட்டது என்ற ஐயம் அப்போதே வலுவாக எழுந்தபோதிலும், உறுதிப்படுத்த வழியில்லாமல் ஆண்டுகள் கடந்தன. போர் 2009இல் முடிந்து, காவல் துறையிடம் பிடிபட்ட முன்னாள் விடுதலைப் புலி உறுப்பினர் ஒருவர் தந்த தகவலைக் கொண்டு, 2012 அக்டோபரில் இலங்கைக் கடற்படையின் முக்குளிப்போர் இரணைதீவுக்கு அருகே கடலடியில் அவ்விமானத்தின் பாகங்களைக் கண்டெடுத்தனர். இரணைதீவிலிருந்து ஏவப்பட்ட ஏவுகணையே அதை வீழ்த்தியது என்று விசாரணை கூறியது.

இச்செய்தியை ஏற்றால் வி95.3 என்ற கட்டம் காலியாகிவிடுகிறது. போருக்கு ஒதுக்கப்பட்ட ஒய்36 என்ற தலைப்பு, போரினாலும் உள்நாட்டுக் கிளர்ச்சியினாலும் படையினருக்கும் குடிமக்களுக்கும் நேரும் காயங்கள் இரண்டையும் ஏற்கிறது. அதற்குள் வானூர்தி அழிக்கப்படுவதால் நேரும் காயங்களுக்கு ஒய்36.1 என்று தனிக் கட்டமே உண்டு. துப்பாக்கி ஏந்தாத, பயணச்சீட்டு வாங்கி ஏறிய 48 பேரும் அக்கட்டத்தில் போரில் இறந்தோராகச் சேர்கிறார்கள். அமைதிக்காலத்தில் விமானத்துக்குள் இருந்தவரையும் அது விழுந்து நசுங்கியவரையும் வெவ்வேறு கட்டங்களில் பிரித்துவைக்கும் நூல், போர் என்று வந்துவிட்டால் இருவரையும் இதே ஒய்36.1இல் ஒன்றாகச் சேர்த்துவிடுவதும் கவனிக்கத்தக்கது. போக்குவரத்து விபத்தைத் தடுக்க விமானத்தின் உள்ளும் வெளியும் தனித்தனியாக ஆராயப்பட வேண்டும். போரில் இறந்தவர்களைப் பொறுத்தவரை அந்த ஆராய்ச்சியால் பயன் எதுவும் இல்லை.

ஐம்பத்தைந்து உடல்களுக்கு நேர்ந்தது 1998இலும் 2012இலும் ஒன்றுதான். அவர்களுடைய எஸ், டி குறியீடுகள் ஒன்றுகூட மாறியிருக்காது. மாறியது நிகழ்ச்சியைப் பற்றிய அறிவு, அதனோடு புறக்காரணக் குறியீடும் மாறியது. போர் ஓய்ந்த பின்னரும் இந்தத் தலைப்பு மூடப்படுவதில்லை: போர்நிறுத்தத்துக்குப் பிறகு, முன்பு புதைத்த கண்ணிவெடியில் கால்வைத்தவருக்கு ஒய்36.8 என்ற கட்டம் உண்டு. வன்னியில் கண்ணிவெடி அகற்றும் வேலை போருக்குப் பின் பல ஆண்டுகள் நீடித்ததை அறிந்தவர்க்கு, இக்கட்டம் ஏன் தேவை என்று விளக்க வேண்டியதில்லை.

ஒரே விமானம், இருவேறு கட்டங்கள்

ஒரு விமானத்தின் வீழ்ச்சிக்கு ஒரே குறியீடுதான் என்று எண்ணிவிடவும் கூடாது. குறியீடு விமானத்துக்கு இடப்படுவதில்லை, ஆளுக்கு இடப்படுவது. 2025 ஜூன் 12ஆம் நாள் அகமதாபாதில் ஏர் இந்தியாவின் போயிங் 787 விமானம் மருத்துவக் கல்லூரி விடுதியின்மீது விழுந்தபோது, அதிலிருந்த 242 பேரில் 241 பேரும் தரையிலிருந்த 19 பேரும் இறந்தனர். முன்னவர்கள் உள்ளிருந்தோருக்கான வி95க்கும், பின்னவர்கள் தரையிலிருந்தோருக்கான வி97.3க்கும் உரியவர்கள். விமான நிலையத்தைச் சுற்றி எவ்வளவு தொலைவுக்கு எவ்வளவு உயரமான கட்டடம் எழுப்பலாம் என்று ஆராய்பவருக்கு அந்த 19 என்ற எண் தனியே தேவைப்படும். 260 என்ற கூட்டுத்தொகையிலிருந்து அதைப் பிரித்தெடுக்க முடியாது.

இதைவிடக் கூர்மையான பிளவும் நேர்ந்திருக்கிறது. 2015 மார்ச் 24ஆம் நாள் ஜெர்மன்விங்ஸ் விமானத்தைத் துணை விமானி வேண்டுமென்றே ஆல்ப்ஸ் மலையில் மோதவிட்டதில் 150 பேர் இறந்தனர். விமானத்தை மோதவிட்டு உயிரை மாய்த்துக்கொள்வது நூலின் எக்ஸ்83 என்ற தலைப்புக்குள் பெயர் சொல்லியே குறிக்கப்பட்டிருக்கிறது; அது ஒருவருக்கு மட்டுமே பொருந்தும். எஞ்சிய 149 பேரும் பிறரால் தாக்கப்பட்டு இறந்தவர்களுக்குரிய பகுதிக்குச் செல்ல வேண்டும். ஒரே விமானம், ஒரே மலை, ஒரே நொடி. இருந்தும் அதில் விபத்தில் இறந்தவர் ஒருவர்கூட இல்லை.

படிவத்தில் ஒரு வரி

இவ்வளவு நுட்பமான கட்டங்களை நூல் வகுத்துவைத்திருந்தாலும், குறியீட்டாளர் தம் ஊகத்தால் எதையும் சேர்க்க உரிமை இல்லாதவர். மருத்துவர் எழுதியதை மட்டுமே அவர் எண்ணாக மாற்றுகிறார். இந்தியாவில் மருத்துவமனை மரணத்துக்கான காரணச் சான்று ‘படிவம் 4’ என்ற தாளில் எழுதப்படுகிறது. அதில் இறப்புக்கு நேரடியாக இட்டுச்சென்றது முதல் வரியிலும், அதற்கு முன்னது அடுத்த வரியிலும், எல்லாவற்றுக்கும் மூலமானது கடைசி வரியிலும் வர வேண்டும். கடலில் விழுந்த விமானத்திலிருந்து மீட்கப்பட்டு, கரையிலுள்ள மருத்துவமனையில் உயிர்விட்ட ஒருவருக்கு மருத்துவர் முதல் வரியில் நீரில் மூழ்கியதால் மூச்சடைப்பு என்றும், கடைசி வரியில் பயணிகள் விமானம் கடலில் வீழ்ந்தது என்றும் எழுதினால், மரணம் சேரவேண்டிய இடத்தைச் சேரும்.

அவர் முதல் வரியோடு நிறுத்திவிட்டால், குறியீட்டாளர் கையில் எஞ்சுவது டபிள்யூ74, அதாவது விவரம் தெரியாத மூழ்குதல். கிணற்றில் விழுந்தவரும் குளத்தில் இறங்கியவரும் அடங்கிய பெருங்கூட்டத்தில் விமானப் பயணி ஒருவர் மறைந்துபோவார். பல காயங்கள் என்று மட்டும் எழுதினாலோ எக்ஸ்59 என்ற, எதனால் என்று தெரியாதோர் பட்டியல்தான் கிடைக்கும். விமான விபத்து நாளிதழின் முதல் பக்கத்தில் வருவதால் அது உண்மையில் மறக்கப்படாது என்று சொல்லலாம்; ஆனால் இராமேஸ்வரம் கடலில் இறக்கும் மீனவருக்கு அந்த வசதி இல்லை. படகு கவிழ்ந்து மூழ்கியவருக்கு வி90.2 என்றும், படகு கவிழாமல் தவறி விழுந்து மூழ்கியவருக்கு வி92.2 என்றும் வெவ்வேறு கட்டங்கள் இருக்கின்றன. முன்னதற்குத் தீர்வு படகின் கட்டமைப்பிலும் வானிலை எச்சரிக்கையிலும் இருக்கிறது, பின்னதற்கு மிதவைச் சட்டையிலும் படகோரத் தடுப்பிலும் இருக்கிறது. மூழ்கி இறந்தார் என்ற இரண்டு சொற்கள் பொய்யல்ல என்றாலும், இரண்டு தீர்வுகளில் எதைத் தேர்வது என்று அவற்றால் சொல்ல முடியாது.

படிவம் 4இன் கீழ்ப்பகுதியில் இறப்பின் தன்மை கேட்கப்படுகிறது: இயற்கை, விபத்து, தற்கொலை, கொலை, இவற்றோடு ஐந்தாவதாக, விசாரணை நிலுவையில். 602ஆம் எண் விமானத்தைப் போன்றவற்றுக்காகவே வைக்கப்பட்டது போன்ற அந்த ஐந்தாவது விடையைத் தேர்வதில் மருத்துவருக்கு இழுக்கு ஒன்றும் இல்லை. தெரியாததை விபத்து என்று அவசரப்பட்டு எழுதுவதைவிட அது நேர்மையானது. அதே பகுதியில் ‘காயம் எவ்வாறு நேர்ந்தது’ என்று ஒரு கேள்வியும் உண்டு. பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத்தின் திருத்தம் 2023 அக்டோபர் 1ஆம் நாள் நடைமுறைக்கு வந்தபின், மருத்துவமனை தரும் இறப்புக் காரணச் சான்றின் படி நெருங்கிய உறவினருக்கும் கிடைக்க வேண்டும். அதைப் பெறுபவர்கள் பெயரும் தேதியும் சரியா என்று பார்ப்பதோடு நிறுத்தாமல், அந்த ஒரு வரி நிரப்பப்பட்டிருக்கிறதா என்றும் பார்த்து, வெறுமையாக இருந்தால் அங்கேயே எழுதித் தரும்படி கேட்க வேண்டும்.